கியூட்டியின் பக்தி

விஞ்ஞானப் புனைகதை என்றதும் பகுத்தறிவின் வெற்றியே நம்மிற் பலருக்கு நினைவில் எழுகின்றது. மூடநம்பிக்கை மனிதருக்கே உரியது, இயந்திரம் அதற்கு அப்பாற்பட்டது என்பது எண்ணம். ஐசாக் அசிமோவ் 1941 இல் வெளியிட்ட 'றீசன்' என்னும் சிறுகதை இவ்வெண்ணத்தைத் தலைகீழாக்குகின்றது. அதையே இன்று நேயர்களுக்கு எடுத்துச் சொல்ல விரும்புகின்றேன்.

சூரிய சக்தியைக் கற்றையாகக் கிரகங்களுக்கு அனுப்பும் விண்வெளி நிலையம் ஒன்று. அங்கே பவல், டொனவன் என்னும் இருவர், பாகங்களைப் பொருத்திக் கியூட்டி என்ற இயந்திர மனிதனை உருவாக்குகின்றனர். அதுவோ அவர்கள் தன்னைப் படைத்ததை நம்ப மறுக்கின்றது. தாழ்ந்தது தன்னிலும் உயர்ந்ததைப் படைக்க இயலாது. மனிதரோ மெலிந்த உடலும் உறக்கமும் உடையோர். எனவே நிலையத்தின் சக்தி மாற்றியே தன்னைப் படைத்த தலைவன் என முடிவுகட்டுகின்றது. ஏனைய இயந்திரங்களும் அதன்முன் மண்டியிடுகின்றன. கண்ணெதிரே இன்னோர் இயந்திரத்தைப் பொருத்திக் காட்டியும் பயனில்லை. நீங்கள் பூட்டியவர்கள் மட்டுமே, பாகங்களைப் படைத்தவன் தலைவன் என்கின்றது கியூட்டி!

சிவஞான சித்தியாரின் அளவையியலைப் படிப்பிக்கும்போது இக்கதையை மாணவருக்கு நான் சொல்வதுண்டு. காண்டல், கருதல், உரை என்பன அங்கு பேசப்படும் அளவைகள். கியூட்டி காண்டலை ஐயுறுகின்றது. நூலகத்து நூல்களாகிய உரையையும் தள்ளுகின்றது. கருதலை மட்டும் பற்றிக்கொள்கின்றது. அதன் தருக்கத்தில் ஓட்டை காண்பது எளிதன்று. ஆனால் தொடங்கிய கூற்றை அது ஒருபோதும் சோதிக்கவில்லை.

பின்னர் இலத்திரன் புயல் வருகின்றது. கற்றை சற்று விலகினாலும் பூமியில் நூற்றுக்கணக்கான சதுரமைல் எரிந்துபோகும். கட்டுப்பாட்டறைக்குள் நுழைய முடியாமல் இருவரும் தவிக்க, கியூட்டியோ தலைவனின் ஆணையென்றெண்ணி இம்மியும் பிசகாமல் கற்றையைக் காக்கின்றது. உள்ளே பதித்த விதிகளே அதனை இயக்கின, வேலை நடந்தால் எதை நம்பினால் என்ன என்று பவல் சமாதானமடைகின்றான். எனக்கு அச்சமாதானம் போதவில்லை. புயலன்று தலைவனின் விருப்பமும் மனிதரின் நலமும் ஒன்றாயிருந்தன, அவ்வளவுதான்.

1956 முதல் 2008 இல் மறையும்வரை இலங்கையில் வாழ்ந்த ஆதர் சி. கிளாக்கின் 1953 ஆம் ஆண்டுக் கதையொன்றில், திபெத்தியத் துறவிகள் கடவுளின் நாமங்கள் யாவற்றையும் அச்சிடக் கணினியை வாடகைக்கு எடுக்கின்றனர். அங்கே நம்புவோர் மனிதர். இயந்திரம் வெறும் எழுதுவினைஞர். முடிவில் நட்சத்திரங்கள் ஒவ்வொன்றாக அணைகின்றன. கிளாக்குக்கு வானமே விடை சொல்லிவிடுகின்றது.

அசிமோவ் அப்படி யாரையும் விடை சொல்ல அழைக்கவில்லை. அடுத்துப் பொறுப்பேற்பவன் வந்து இயந்திர மனிதனைப் பற்றி விசாரிக்கின்றான். நன்றாகவே வேலை செய்கின்றது என்பதற்குமேல் பவல் ஒன்றும் சொல்வதில்லை.