நடுவில் நின்றால் தெரியாத பிழை

கடந்த மாரியில் எங்கள் வீட்டுக் குசினித் தண்ணீர் வடிகானில் ஓடாமல் தேங்கி நின்றது. புதிதாகக் கட்டிய, 50 மீற்றர் நீளமான வடிகான் அது. குசினியிலிருந்து வீதி வரை 5 சென்ரிமீற்றர் சரிவு வைத்துக் கட்டும்படி வாப்பா சொல்லியிருந்தார். கடலோரத்துத் தட்டை நிலத்தில் அதற்கு மேல் சரிவு எடுக்க முடியவில்லை. "மட்டம் பாராமல் கட்டிவிட்டார்" என்று நாங்கள் எல்லோரும் மேசன் பாஸைத்தான் குறை கூறினோம். அவருடைய மீதிக் கூலியும் நிறுத்தப்பட்டது. அவரோ, இரவல் வாங்கி வந்த 'லெவல் மெஷின்' வைத்து மட்டம் பார்த்தே கட்டியதாகத் திரும்பத் திரும்பச் சொன்னார்.

நில அளவை வேலை செய்யும் என் மாமா இதைக் கேட்டார். "ஆளைக் குறை சொல்ல முந்தி மெஷினைச் சோதிச்சுப் பார்ப்பம்" என்றார். அன்று மைதானத்தில் அவர் செய்து காட்டியதையே இங்கு எழுதுகிறேன்.

லெவல் மெஷின் என்பது முக்காலியில் பொருத்திய ஒரு தொலைகாட்டி. அதனுள் தெரியும் குறுக்குக்கோடு, தூரத்தில் நிறுத்திய அளவுத்தடியில் எந்த எண்ணைத் தொடுகிறதோ அதுவே வாசிப்பு. பெரிய எண் தெரிந்தால் அந்த நிலம் தாழ்ந்தது. சிறிய எண் தெரிந்தால் உயர்ந்தது. இவை அனைத்தும் ஒரு நிபந்தனையின் பேரில்தான்: கருவியின் பார்வைக்கோடு சரியான கிடையாக இருக்க வேண்டும்.

மாமா முதலில் வட்டக் குமிழியைப் பார்த்தார். அதை நடுவுக்குக் கொண்டுவந்து, தொலைகாட்டியை 180 பாகை திருப்பினார். குமிழி நடுவில் நின்றால் அது சரி. விலகினால், அந்த விலகல் உண்மையான பிழையின் இருமடங்கு. ஆகவே பாதியை அடித்திருகாணிகளாலும், மறுபாதியைக் குமிழியின் சிறு திருகாணிகளாலும் திருத்த வேண்டும். எங்கள் கருவியில் குமிழி அசையவில்லை.

இக்காலத்துக் கருவிகளில், மெல்லிய கம்பிகளில் தொங்கும் ஓர் அரியம் பார்வைக்கோட்டைத் தானே கிடையாக்கிக்கொள்ளும். மாமா கருவியை விரலால் மெல்லத் தட்டினார். குறுக்குக்கோடு ஒருமுறை ஆடி, பழைய இடத்திலேயே வந்து நின்றது. அதுவும் சரி.

அடுத்தது இரு முளைச் சோதனை. 60 மீற்றர் இடைவெளியில் இரண்டு மரமுளைகளை அடித்தோம். முதலில் கருவியைச் சரியாக நடுவில் வைத்தார். முதல் முளையில் வாசிப்பு 1.506 மீற்றர், இரண்டாவதில் 1.260. வித்தியாசம் 0.246 மீற்றர். பார்வைக்கோடு சாய்ந்திருந்தாலும் இந்த வித்தியாசம் உண்மையானதே. ஏனெனில், இரு பக்கமும் தூரம் சமம் என்பதால் இரு வாசிப்பிலும் ஒரே அளவு பிழை சேரும். கழிக்கும்போது அது நீங்கிவிடும்.

அதாவது, நடுவில் நின்று பார்த்தால் பிழையுள்ள கருவியும் சரியான விடையையே தரும். அதன் குறை தெரிய வேண்டுமானால் இடம் மாற வேண்டும்.

கருவியை முதல் முளைக்கு அப்பால் 3 மீற்றர் தூரத்துக்குக் கொண்டுபோனோம். அம்முளையில் வாசிப்பு 1.525. எனவே இரண்டாவதில் 1.279 வர வேண்டும். வந்ததோ 1.339! 60 மில்லிமீற்றர் கூடுதல். 60 மீற்றர் தூர வேறுபாட்டுக்கு 60 மில்லிமீற்றர் என்றால், மீற்றருக்கு 1 மில்லிமீற்றர் பிழை.

"பாஸ் மெஷினை எங்க வச்சார்?" என்று கேட்டார் மாமா. குசினி வாசலில். வீதிமுனை 50 மீற்றர் தூரம். பிழை 5 சென்ரிமீற்றர்! கருவி காட்டிய சரிவு முழுவதும் பொய். வடிகான் தட்டையாகவே இருந்தது.

திருத்தும் முறை இது. தூர முளை 63 மீற்றரில் இருப்பதால் அங்கு பிழை 63 மில்லிமீற்றர். எனவே சரியான வாசிப்பு 1.276. பார்வைத்துண்டின் அருகே ஒரு மூடிக்குள் இருக்கும் சிறு திருகாணியை மாமா மெதுவாகத் திருப்பி, குறுக்குக்கோட்டை 1.276க்குக் கொண்டுவந்தார். பின்னர் முழுச் சோதனையையும் முதலிலிருந்து மீண்டும் செய்தார். திருத்தியதைச் சோதிக்காமல் விடக்கூடாதாம். பழக்கமில்லாதவர்கள் அந்தத் திருகாணியைத் தொடாதிருப்பதே நல்லது.

கருவி கீழே விழுந்தாலோ, வாகனத்தில் அதிகம் குலுங்கினாலோ, பெரிய வேலையொன்றைத் தொடங்கும்போதோ இச்சோதனை அவசியம். வேலையின்போது முன்னும் பின்னும் சம தூரத்தில் தடியை நிறுத்துவது மற்றொரு பாதுகாப்பு.

தாதுசேன மன்னன் கலாவெவவிலிருந்து அநுராதபுரத்துக்கு வெட்டுவித்த யோத எல கால்வாய், முதல் 17 மைல்களில் மைலுக்கு 6 அங்குலமே சரிகிறது எனக் குறிப்பிடப்படுகிறது. அது கிலோமீற்றருக்கு ஏறத்தாழ 10 சென்ரிமீற்றர். எங்கள் கருவியை 40 மீற்றருக்கு ஒருமுறை நிறுத்தி, ஒவ்வொரு முறையும் முன்பக்கத் தூரம் 4 மீற்றர் மட்டும் கூடியிருந்தால், 25 நிறுத்தங்களில் அந்த 10 சென்ரிமீற்றரும் பிழையாகிவிடும். நீர் வயலுக்குப் போகாது.

அன்று மாலை வாப்பா மீதிக் கூலியுடன் பாஸின் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டார். மறுவாரம் பாஸே வந்து, வடிகானின் அடியைக் குசினிப் பக்கம் உயர்த்திப் பூசினார். இம்முறை கருவியை வடிகானின் நடுவில் வைத்தே மட்டம் பார்த்தார். இப்போது தண்ணீர் வீதியை நோக்கி ஓடுகிறது.