ராத்திரிச் சோறும் லொள்ளு சபாவும்

அம்பத்தூர் எஸ்டேட்டில் செகண்ட் ஷிஃப்ட் முடித்து வருகிறவனுக்கு அட்வைஸ் இறங்காது, லொள்ளுதான் இறங்கும். லேத் முன்னால் நின்று மரத்துப்போன காலை நீட்டி, சோற்றைப் பிசைந்தபடி நான் இன்றைக்கும் போனில் போட்டுப் பார்ப்பது விஜய் டிவியின் பழைய சினிமா கிண்டல் நிகழ்ச்சி ‘லொள்ளு சபா’தான்.

இயக்கம் ராம்பாலா. ஒரு ஹிட் படத்தை எடுத்துக்கொள்வார்கள். அதே போஸ், அதே பில்டப். செட்டில் மட்டும் கஞ்சத்தனம். ஹீரோ உருகிப் பேசும்போது, தியேட்டரில் நமக்குத் தோன்றிய கேள்வியைப் பக்கத்தில் நிற்பவர் கேட்டுவிடுவார். மொத்த சீனும் காலி.

அதில் நடித்த மனோகரைக் கவனியுங்கள். வசனத்தை இழுத்து இழுத்துச் சொல்லிக்கொண்டே கையை ஒரு தினுசாக ஆட்டுவார். அதில் ஜோக்கே இருக்காது, ஆனால் வயிறு வலிக்கும். அமெரிக்காவில் 1982-ல் லேட் நைட் ஷோ தொடங்கிய டேவிட் லெட்டர்மேன், மாடியிலிருந்து தர்பூசணியைப் போட்டு உடைப்பார். அதிலும் ஜோக் கிடையாது!

காமெடி நடிகர் சந்தானம் லொள்ளு சபாவிலிருந்துதான் 2004-ல் ‘மன்மதன்’ படத்துக்குப் போனார். யோகி பாபுவும் இந்தக் கூட்டத்தில் ஓரமாக நின்றவர். ராம்பாலா 2016-ல் அதே சந்தானத்தை வைத்து ‘தில்லுக்கு துட்டு’ எடுத்தார். சிரித்தேன், சரி. ஆனால் எனக்கென்னவோ அந்த ஓட்டை செட்தான் பிடிக்கும்.