புலம்பும் கேட்போரும்: சூலூர் வட்டாரத் தனிமை குறித்த ஒரு நோக்கு

தொல்காப்பிய உரியியல் ‘புலம்பு’ என்னும் உரிச்சொல்லுக்குத் தனிமை என்று பொருள் உரைக்கிறது. இன்றைய வழக்கிலோ புலம்பல் என்பது ஆற்றாமையால் வாய்விட்டுப் பேசுதலாகும். ஒரு நிலையைக் குறித்த சொல், அந்நிலையில் எழும் பேச்சுக்குப் பெயராயிற்று. தனிமைக்கும் பேச்சுக்கும் உள்ள இவ்வுறவைக் கொண்டு, சூலூர் வட்டாரத்தின் இன்றைய தனிமையை இக்கட்டுரை விளக்க முற்படுகிறது.

அகப்பாடலில் தனித்திருப்பவள் வாளா இருப்பதில்லை. பொருள்வயிற் பிரிந்தவனை எண்ணி வருந்தும் தலைவிக்குத் தோழி உண்டு; தோழி இல்லாவிடத்துக் கடலும் குருகும் திங்களும் கேட்போராகின்றன. செய்யுளியலும் ‘கேட்போர்’, ‘களன்’ ஆகிய இரண்டையும் செய்யுள் உறுப்புகளாக அடுத்தடுத்து எண்ணுகிறது. அகமரபில் பிரிவு துயரமே. ஆயினும் அது கேட்பாரற்ற நிலையன்று.

கொங்கு நாட்டின் குடியிருப்பு முறையும் இதற்குச் சான்று. ஊருக்குள் நெருங்கி வாழாது, தத்தம் தோட்டத்துச் சாளையில் தனித்து வாழ்தல் இங்குள்ள வேளாண் குடும்பங்கள் பலவற்றின் நெடுநாள் வழக்கம். அடுத்த சாளைக்குக் காடு தாண்டிச் செல்லவேண்டும். எனினும் வாரச் சந்தையும், பங்காளிகள் கூடும் குலதெய்வக் கோயிலும் பேச்சுக்கு உரிய களன்களாக இருந்தன. இடத்தால் தனித்தவர் உறவால் தனித்தவராகவில்லை.

இன்று நிலைமை வேறு. 2011 கணக்கெடுப்பிலேயே கோவை நகர்த்திரளின் மக்கள்தொகை 21 இலட்சத்தைக் கடந்துவிட்டது. திருச்சி சாலை வழியே அந்நகரம் சூலூரை நெருங்கியுள்ளது. குழித்தறி வீட்டினுள் இருந்த காலத்தில் தார் சுற்றுவோரும் நெய்வோரும் பேசிக்கொண்டே தொழில் செய்ய முடிந்தது. விசைத்தறிக் கூடத்தில் பலர் அருகருகே நின்றாலும் ஒருவர் சொல் மற்றவர் செவிக்கு எட்டுவதில்லை, சைகையே மொழி. ஒடிசாவிலிருந்தோ பீகாரிலிருந்தோ வந்த தொழிலாளிக்குக் கூடத்திற்கு வெளியே கேட்கும் மொழியும் அயலானது. (2018இல் பிரிட்டன் தனிமைக்கென ஓர் அமைச்சரையே நியமித்தது, நம்மிடம் இது இன்னும் வீட்டுக்குள் அடக்கப்படும் செய்தி.)

இரவில் அத்தொழிலாளி கைப்பேசியில் ஊருக்குப் பேசுவது, பொருள்வயிற் பிரிந்த தலைவன் கூற்றின் இன்றைய வடிவம் எனலாம். மக்கள் பெங்களூருக்கும் அயல்நாட்டுக்கும் சென்றபின் சாளையில் எஞ்சிய முதியோர் காத்திருப்பதும் அத்தகைய அழைப்புக்கே. கைப்பேசி கேட்போரைத் தருகிறது, களனைத் தருவதில்லை. ஒரே முற்றத்தில் பேசாமலே உடனிருத்தல் அதில் இயலாது. விசைத்தறித் தொழிலாளர்க்கு முறை மாறும் வேளையில் தேநீர்க் கடை முன் நிற்கும் சிறுபொழுதே எஞ்சிய களன்.