பட்டம் கட்டும் முரசு

நோபாட் என்பது மலாய் அரண்மனை வாத்தியக் குழு. சட்டி போல் வயிறு பெருத்த நெங்காரா, இருபுறமும் அடிக்கும் கெண்டாங், நாதசுரத்துக்குத் தூரத்து உறவான செருனாய், வெள்ளியில் செய்த நீண்ட ஊதுகுழல் நபிரி, இவைதான் அதன் உறுப்புகள். நம் கோயில் நகராவும் நெங்காராவும் ஒரே அரபுச் சொல்லின் பிள்ளைகள். மலாய் அரசுகளில் ஒன்றான பேராக்கில் நோபாட்டை வாசிக்கும் உரிமைகூடப் பரம்பரை வழியே வருகிறது. அரியணை ஏறும் சடங்கில் இது முழங்குவதை வெறும் அலங்காரம் என்று ஒதுக்கிவிட முடியாது. பரம்பரைப் பட்டம் ரத்தத்தால் மட்டும் இறங்குவதில்லை, பிறர் ஏற்றுக்கொண்டால்தான் நிலைக்கிறது. அந்த ஏற்பைக் காதில் விழச் செய்யும் கருவி நோபாட்.

கோலசிலாங்கூரில் சிலாங்கூர் ஆட்சியை நிறுவிய ராஜா லூமு பூகிஸ் இன வீரர் குடும்பத்தவர். படகும் ஆளும் ஈயமும் அவர் கையில் இருந்தன. ஆனாலும் மலாக்கா அரச வழியில் வந்த பேராக் சுல்தான் மஹ்முத் ஷா அங்கீகரித்த பிறகுதான், 1766இல், அவர் சுல்தான் சலாஹுடின் ஆனார். முத்திரையும் நோபாட்டும் பேராக்கிலிருந்து வந்தன. வலிமை இருந்தவருக்கு முரசு எதற்கு என்று கேட்கலாம். பதில் அடுத்த தலைமுறையில் கிடைத்தது. 1784இல் டச்சுக்காரர்கள் கோலசிலாங்கூரின் மெலாவத்தி குன்றின் கோட்டையைப் பிடித்தபோது, ராஜா லூமுவின் மகன் சுல்தான் இப்ராகிம் பகாங்குக்குப் போனார். அங்கே துணை திரட்டி மறு ஆண்டே கோட்டையை மீட்டார். மண் போயும் பட்டம் போகவில்லை. அயர்லாந்தில் இதற்கு நேர்மாறு: கிளின் கோட்டையை ஆண்ட ஃபிட்ஸ்ஜெரால்ட் குடும்பத்தின் 29ஆம் 'நைட்' (பரம்பரைப் பட்டக்காரர்) 2011இல் ஆண் வாரிசின்றி இறக்க, கோட்டை நின்றது, பட்டம் முடிந்தது. நிலமும் பட்டமும் ஒட்டிப் பிறந்தவையல்ல என்பதற்கு அவ்வளவு தூரம் போகவும் வேண்டாம். இதே சிலாங்கூர் வட்டாரத்துச் செம்பனைத் தோட்டங்கள் முரசில்லாமல், பத்திரத்தில் போட்ட கையெழுத்தால் கைமாறுகின்றன.

ஜொகூருக்கு நோபாட்டே கிடையாதே, அங்கும் சுல்தான் இருக்கிறாரே என்பது வலுவான மறுப்பு. ஆனால் அபு பக்கார் 1885இல் சுல்தானானது பிரிட்டனோடு செய்த ஒப்பந்தத்தால். கருவி மாறியது, ஏற்பின் தேவை மாறவில்லை. சிலாங்கூரிலும் அப்படித்தான். 1857இல் சுல்தான் முகம்மது இறந்ததும் பட்டம் மகனுக்குப் போகாமல், அவர் சகோதரரின் மகனும் மருமகனுமான அப்துல் சமத்துக்குப் போனது. 1930களில் பிரிட்டிஷ் ரெசிடென்ட் தியோடர் ஆடம்ஸின் முயற்சியால் அன்றைய சுல்தானின் மூத்த மகன் மூசாவின் இளவரசுப் பதவி பறிபோனது. 1938இல் தம்பி ஹிசாமுடின் அரியணை ஏறினார். ஜப்பானியர் வந்ததும் மூசாவைச் சுல்தானாக்கினர். 1945இல் திரும்பி வந்த பிரிட்டிஷார் ஹிசாமுடினை மீண்டும் அமர்த்தி, மூசாவைக் கோகோஸ் தீவுகளுக்கு நாடுகடத்தினர். இருவருக்கும் தந்தை ஒருவரே.