‘நீ என்ன?’ என்று பெயர் வைத்துக்கொண்டவர்: அஸீஸ் நெஸின்

இன்னைக்கு எபிசோட் துருக்கியோட நையாண்டி எழுத்தாளர் அஸீஸ் நெஸின் பத்தி. இவர் பேர்லயே ஒரு ஜோக் இருக்கு, அங்கிருந்தே ஆரம்பிக்கலாம்.

1934-ல துருக்கி அரசு ஒரு சட்டம் போட்டது. எல்லாரும் ஒரு குடும்பப் பேர் வச்சே ஆகணும். அதுவரைக்கும் பெரும்பாலானவங்களுக்கு அப்படி ஒண்ணு கிடையாது. உடனே ஊர்ல இருக்கிற கஞ்சன் எல்லாம் ‘வள்ளல்’, பயந்தாங்கொள்ளி எல்லாம் ‘வீரன்’னு பேர் எடுத்துக்கிட்டாங்கன்னு நெஸின் பிற்பாடு கிண்டலா எழுதினார். தனக்குப் பெருமையா ஒரு பேரும் மிஞ்சலைன்னு அவர் எடுத்தது ‘நெஸின்’. துருக்கி மொழியில ‘நீ என்ன?’னு அர்த்தம். யார் கூப்பிட்டாலும் ‘நான் என்ன?’னு யோசிக்கணுமாம்.

பிறந்தப்போ வச்ச பேர் மெஹ்மெத் நுஸ்ரத். 1915-ல இஸ்தான்புல் பக்கத்துல ஹெய்பெலியாதாங்கிற தீவுல, ஏழைக் குடும்பத்துல பிறந்தார். காசில்லாம படிக்க வழி ராணுவப் பள்ளிதான், அதனால ராணுவ அதிகாரியாவும் ஆனார். அந்த வேலையில இருந்துக்கிட்டு சொந்தப் பேர்ல எழுத முடியாது. அப்பா பேரை எடுத்துக்கிட்டார், அதுதான் ‘அஸீஸ்’. 1944-ல ராணுவத்துல இருந்து அனுப்பிட்டாங்க. அப்புறம் முழுநேரமும் பத்திரிகை, எழுத்துதான்.

இங்கதான் கூத்து ஆரம்பிக்குது. முதல் தடவை கைதானப்போ போலீஸ் நாள்கணக்கா ஒரே கேள்வியைக் கேட்டதாம்: ‘உன் பேர்ல வர்ற கட்டுரையை நிஜமா எழுதுறது யாரு?’ நான்தான்னு சொன்னா நம்பலை. ரெண்டு வருஷம் கழிச்சு அப்படியே தலைகீழ். வேற யார் பேர்ல வந்தாலும் ‘இது நீ எழுதினதுதானே?’ன்னு பிடிச்சாங்க. எழுதாத கட்டுரைக்காகவும் ஜெயிலுக்குப் போனேன்னு அவரே பதிவு பண்ணியிருக்கார்.

1946-ல நாவலாசிரியர் சபாஹத்தின் அலியோட சேர்ந்து ‘மார்கோ பாஷா’ன்னு ஒரு நையாண்டி வார இதழ் தொடங்கினார். மார்கோ பாஷா ஒட்டோமான் காலத்து டாக்டர், யார் வந்து புலம்பினாலும் பொறுமையா கேட்பாராம். துருக்கியில இன்னைக்கும் ‘போய் மார்கோ பாஷாகிட்ட சொல்லு’ன்னு ஒரு பேச்சுவழக்கு இருக்கு. அரசு இதழை மூடும், இவங்க பேரை மாத்தி மறுபடி கொண்டுவருவாங்க. மூடினதும் வந்த புதுப் பேர் ‘மெர்ஹும் பாஷா’, அதாவது ‘காலஞ்சென்ற பாஷா’! ஆனா இது வெறும் கண்ணாமூச்சி ஆட்டம் இல்லை. 1948-ல சபாஹத்தின் அலி நாட்டை விட்டுத் தப்பிக்கப் பார்த்தப்போ பல்கேரிய எல்லைக்குப் பக்கத்துல கொல்லப்பட்டார். நெஸினை பூர்ஸா நகரத்துக்கு நாடுகடத்தின மாதிரி அனுப்பி வச்சாங்க.

இன்னொரு வழக்கு இருக்கு, சொன்னா கட்டுக்கதை மாதிரி இருக்கும். இங்கிலாந்து இளவரசி எலிசபெத், ஈரான் ஷா, எகிப்து மன்னர் ஃபாரூக், மூணு பேரையும் அவமதிச்சார்னு அந்தந்த நாடுகள் புகார் கொடுக்க, ஆறு மாசம் ஜெயில்.

வெளியே வந்தா அவர் பேரைப் போட எந்தப் பத்திரிகைக்கும் தைரியம் இல்லை. புனைபெயர் மேல புனைபெயர், 200-க்கும் மேலன்னு சொல்வாங்க. தன் குழந்தைகளோட பேரைச் சேர்த்து ‘ஓயா அதெஷ்’னு எழுதின சிறுவர் கதைகளைப் பள்ளிக்கூடங்கள்ல படிச்சாங்க. ஒரு பிரெஞ்சுப் பேரைக் கற்பனை பண்ணி எழுதின கதை, பிரெஞ்சு நகைச்சுவைத் தொகுப்புல இடம் பிடிச்சதாம். 1956-லயும் 57-லயும் இத்தாலியில ‘தங்கப் பனை’ங்கிற சர்வதேச நகைச்சுவைப் பரிசு ஜெயிச்ச பிறகுதான் சொந்த ஊர்ப் பத்திரிகைகளுக்கு அவர் பேரைப் போட துணிச்சல் வந்தது.

இவ்வளவும் தெரிஞ்சுக்கிட்டு 1977-ல வந்த அவரோட யாஷார் நாவலைப் படிச்சா வேற மாதிரி இருக்கும். ‘யாஷார்’னா ‘வாழ்கிறான்’. ஹீரோ பள்ளிக்கூடத்துல சேர அடையாளச் சீட்டு வாங்கப் போறான். குமாஸ்தா ரெஜிஸ்டரைப் புரட்டிட்டு, ‘நீ 1915-லயே சானக்கலே போர்ல செத்துட்டியே’ங்கிறார். பையன் எதிர்லயே நிக்கிறான், ஆனா ரெஜிஸ்டர் சொன்னா சொன்னதுதான். சரி, செத்தவன்னே வச்சுக்கலாம்னு பார்த்தா, ராணுவத்துக்கு ஆள் எடுக்கும்போது அவன் உயிரோட இருக்கான். அப்பா விட்டுட்டுப் போன கடனைக் கட்டணும்னா உயிரோட இருக்கான். அதே அப்பாவோட சொத்து வேணும்னா மட்டும் செத்துட்டான். ஒரு சர்டிஃபிகேட்டுக்காக மூணு கவுன்ட்டர் அலைஞ்சவங்க யாரா இருந்தாலும் சிரிப்பாங்க. எனக்கு இதுல பிடிச்சது, நெஸின் எந்த குமாஸ்தாவையும் வில்லனாக்கலை. ஒவ்வொருத்தரும் தன் மேஜைக்கு வந்த பேப்பரை ஒழுங்காத்தான் படிக்கிறாங்க.

100-க்கும் மேற்பட்ட புத்தகங்கள் எழுதினார். அதுல வந்த பணத்தை 1972-ல தொடங்கின நெஸின் அறக்கட்டளைக்குக் கொடுத்துட்டார். இஸ்தான்புல்லுக்கு வெளியே சடால்ஜாவுல, வசதியில்லாத குழந்தைகளை வளர்த்துப் படிக்க வைக்கிற இடம் அது.

இனி வர்ற பகுதி கொஞ்சம் கஷ்டமானது. 1993-ல சல்மான் ருஷ்டியோட ‘சாத்தானின் வேதங்கள்’ நாவல்ல இருந்து சில பகுதிகளை ஒரு நாளிதழ்ல வெளியிட வச்சார். ஜூலை 2, வெள்ளிக்கிழமை. சிவாஸ் நகரத்துல ஒரு அலெவி கலைவிழாவுக்கு வந்தவங்க மதிமாக் ஹோட்டல்ல தங்கியிருந்தாங்க, நெஸினும் அங்கதான். தொழுகை முடிஞ்சு திரண்ட கூட்டம் மணிக்கணக்கா ஹோட்டலைச் சுத்தி நின்னு கடைசியில தீ வச்சது. போலீஸும் ராணுவமும் பக்கத்துலயே இருந்தும் கூட்டத்தைக் கலைக்கலை. விழாவுக்கு வந்த 33 பேர், ஹோட்டல் ஊழியர்கள் ரெண்டு பேர், மொத்தம் 35 உயிர் போச்சு. அதுல இசைக்கலைஞர் ஹஸ்ரெத் குல்தேகினுக்கு வயசு 22. 77 வயசு நெஸினைத் தீயணைப்பு ஏணி வழியா இறக்கினாங்க. யாருன்னு அடையாளம் தெரிஞ்சதும் ஏணியிலயே அடி விழுந்தது.

அவர்தான் தூண்டிவிட்டார்னு பழி சொன்னவங்க அப்பவும் இருந்தாங்க, இப்பவும் இருக்காங்க. அவரோட பிடிவாதத்தைப் பத்தி விவாதிக்கலாம், தப்பில்லை. ஆனா தீ வச்ச கை யாரோடதுங்கிறதுல விவாதிக்க ஒண்ணும் இல்லை.

ரெண்டு வருஷம் கழிச்சு, 1995 ஜூலை 6-ல மாரடைப்புல இறந்தார். சடங்கு எதுவும் வேண்டாம், அறக்கட்டளைத் தோட்டத்துல அடையாளமே இல்லாம புதைச்சிடுங்கன்னு எழுதி வச்சிருந்தார். அப்படியே செஞ்சாங்க. கல் இல்லை, பேரும் இல்லை. மேல குழந்தைங்க விளையாடுறாங்க.

மகன் அலி நெஸின் கணிதப் பேராசிரியர். ஷிரின்ஜே கிராமத்துல கணிதக் கிராமம் ஒண்ணு நடத்துறார், அதுக்காக 2018-ல லீலாவதி பரிசு வாங்கினார். அது தனி எபிசோட் போடலாம். நெஸினை ஆங்கிலத்துல படிக்கணும்னா, சின்ன வயசைப் பத்தி அவர் எழுதின ‘இஸ்தான்புல் பாய்’ல இருந்து ஆரம்பிங்க.