நிலையத்தில் நிலையற்றோர்

சென்னை மாநகரின் தலைவாயிலெனத் திகழ்வது 1873இல் திறக்கப்பெற்ற சென்ட்ரல் புகைவண்டி நிலையம். வண்டி வந்து நின்றதும் பயணிகள் மூட்டை முடிச்சுகளுடன் தத்தம் இல்லம் நோக்கி விரைவர். செல்லுதற்கோர் இல்லமின்றி நடைமேடையிலேயே தங்கிவிடும் சிறாரும் உளர். அன்னாரைக் குறித்து ஈண்டுச் சிறிது ஆராய்வாம்.

வீட்டை நீங்கிய சிறார் நிலையத்தை நாடுவதேன்? அங்கே இரவிலும் விளக்கெரியும். குழாயில் நீர் வரும். பயணிகள் விட்டுச் சென்ற உணவு கிடைக்கும். பெருங்கூட்டத்தினிடையே எவரும் ஊர் பேர் வினவார். வெறும் புட்டிகளைப் பொறுக்கிப் பழைய சாமான் கடையில் விற்றால் சில காசும் சேரும். ஆயினும், மறைவு தரும் அக்கூட்டமே அவர்க்குப் பகையுமாம். வேலை தருவதாகக் கூறி அழைத்தேகும் வஞ்சகரும் அதனுள் மறைந்து நிற்பர். பசியையும் அச்சத்தையும் மறக்கப் பசையின் நெடியை முகர்ந்து உடல் கெடுவாரும் உளர். ஆதலின், வந்திறங்கிய முதற் சில மணி நேரமே தலையாயது. முதலில் அணுகுபவர் யாவர் என்பதைப் பொறுத்தே அவர்தம் பின்னை வாழ்வு அமையும்.

சிறார்க்கெனச் சென்னை மாகாணம் 1920இலேயே சட்டம் இயற்றிற்று. இன்று நிலவும் 2015ஆம் ஆண்டுச் சட்டப்படி, 18 வயது நிரம்பாத ஆதரவற்ற சிறாரை, பயண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்திற்குள் குழந்தைகள் நலக்குழுவின் முன் கொண்டுசெல்லல் வேண்டும். 1996இல் மும்பையில் தொடங்கப்பெற்ற 1098 என்னும் தொலைபேசி உதவி, இன்று இரவும் பகலும் கட்டணமின்றிக் கிடைக்கின்றது.

எனினும், மீட்ட பிள்ளையை ஊருக்கு அனுப்பியதோடு கடமை தீர்ந்ததென்று எண்ணலாகாது. தந்தையின் குடியும், வீட்டில் விழும் அடியும், அடுப்பெரியா வறுமையும் மாறாதிருப்பின், கொண்டுபோய்ச் சேர்த்த வண்டியே அவனை மீண்டும் கொணரும். அவன் ஏன் வந்தான் என்று அன்புடன் வினவி, அக்காரணத்தைக் களைந்தபின் அனுப்புவதே மீட்பாம். வீடு தகாதெனின், காப்பகமும் கல்வியும் கைத்தொழிலும் அளித்தல் வேண்டும். காப்பகத்தை விட்டு நீங்கும் இளைஞர்க்கு 18 வயதிற்குப் பின்னும் துணைசெய்ய அச்சட்டம் இடந்தருகின்றது.

காணாமற்போன ஆட்டைத் தேடிய மேய்ப்பனின் கதையை நாம் இளமைதொட்டுக் கேட்டுள்ளோம். அவன் அதனைக் கடிந்தானல்லன்; தோள்மேற் சுமந்தான். விடுமுறைதோறும் நிலையம் புகும் மாணவராகிய நாம், ஆங்குத் தனித்திருக்கும் சிறாரைத் திருடரென ஒதுக்காது, இன்சொற் கூறி, அருகிருந்து, 1098க்கு அறிவிப்போமாக.