கத்தரி தெரியாத வெட்டு!

நாட்றாம்பாளையத்திலிருந்து பஸ் பிடித்து, ஓசூர் கம்பெனிகளுக்கு ஷிப்ட்டுக்கு வரும் இளைஞர்களைக் கேளுங்கள். 'க்யூ.சி.' என்றால் என்னவென்று சொல்வார்கள். சரக்கு ஒழுங்காகப் போகிறவரை அந்த செக்ஷன் இருப்பதே யாருக்கும் தெரியாது. ஒரே ஒரு பீஸ் திரும்பி வந்தால் போச்சு... முதல் மெமோ அங்கேதான்!

சினிமாவில் எடிட்டர் பிழைப்பும் இதே கதைதான் ஸார். படம் பறந்தால் ஹீரோவுக்கு பாலாபிஷேகம். இழுத்தால், 'கத்தரி போட ஆளே இல்லையாப்பா?' என்று இவருக்குத்தான் அர்ச்சனை!

கிஷோர் அப்படி ஒரு கத்தரிக்காரர். விழுப்புரம் பக்கம் வளவனூர். அவர் உதவியாளராகச் சேர்ந்த இடம் சாதாரணமானதல்ல. டைரக்டர் பீம்சிங்கின் மகன் பி.லெனின், வி.டி.விஜயன் ஜோடி. 1987-ல் 'நாயகன்', 1994-ல் தேசிய விருது வாங்கிய 'காதலன்' இரண்டும் இந்த ஜோடி வெட்டி ஒட்டியவைதான். அந்தப் பட்டறையில் தொழில் பழகிய கிஷோர், 2009-ல் 'ஈரம்' மூலம் தனி எடிட்டர் ஆனார்.

ஒரு செகண்டுக்கு 24 பிரேம். சேவல் பாய்வதை எத்தனை பிரேம் காட்டுவது? பந்தயம் கட்டியவன் முகத்துக்கு எப்போது தாவுவது? நாலு பிரேம் முந்தினாலும் பதற்றம் புஸ்ஸாகிவிடும். 'ஆடுகளம்' படத்தில் அந்தக் கணக்கைச் சரியாகப் போட்டதற்கு, 2010-ம் ஆண்டின் தேசிய விருது கிஷோருக்கு வந்தது. வெட்டிய இடம் தெரியவில்லை. அதுதான் வெட்டின் அழகு!

2015. வெற்றிமாறனின் 'விசாரணை' எடிட்டிங் நடந்துகொண்டிருந்த நேரம். மயங்கி விழுந்தார் கிஷோர். மூளையில் ரத்தக் கட்டு. மார்ச் 6-ம் தேதி போய்விட்டார். வயது வெறும் 36.

மூன்று மாதம் கழித்து 'காக்கா முட்டை' ரிலீஸாகி ஊரே கொண்டாடியது. அதுவும் அவர் எடிட் செய்ததுதான். 2016-ல் 'விசாரணை'க்காக மறுபடி தேசிய விருது அறிவித்தார்கள். வாங்கிக்கொள்ள ஆள் இல்லை.

அடுத்த தடவை தியேட்டரில் 'படத்தொகுப்பு' என்று ஒரு பெயர் வரும்போது பாப்கார்னைக் கொஞ்சம் கீழே வையுங்கள். அது திரையில் நிற்பது மிஞ்சிப்போனால் மூணு செகண்ட். அதாவது 72 பிரேம்.

ரெண்டு மணி நேரம் நம்மை நாற்காலியில் கட்டிப்போடுகிறவருக்கு, அதையாவது கொடுக்க வேண்டாமா ஸார்?